வெயில் அறுவடையும் கரண்டு வாய்க்காலும்

(விவசாயிகளுக்கான வானொலிப் பேச்சு)



இன்றைக்கு விதையைப் பற்றியோ உரத்தைப் பற்றியோ நான் பேசப்போவதில்லை. கரண்டைப் பற்றிப் பேசலாமென்று வந்திருக்கிறேன். கரண்டு இல்லாமல் இன்றைக்கு எந்த விவசாயம் நடக்கிறது? கிணற்றிலே தண்ணீர் இருந்தும், மோட்டார் ஓடாமல் பயிர் வாடினதைப் பார்க்காதவர் நம்மில் யாருங்க? ஆகவே இதுவும் நம்ம விஷயந்தான்.

வெயிலிலிருந்தும் காற்றிலிருந்தும் மின்சாரம் எடுப்பது இப்போது உலகமெங்கும் பெருகி வருகிறது. கரியும் எண்ணெயும் எடுக்க எடுக்கக் குறையும். வெயிலும் காற்றும் அப்படியில்லை. நாளைக்கும் வரும், அடுத்த வருஷமும் வரும். நம்மைப்போலவே நெல் விளைவிக்கிற வியட்நாம் நாடு, இரண்டே வருஷத்தில் இதிலே மளமளவென்று முன்னேறியது. அங்கே நல்லதும் நடந்தது, இடறி விழுந்ததும் நடந்தது. இரண்டையும் தெரிந்துகொள்வது நமக்கு நல்லது. நாளைக்கு யாராவது வந்து, "உங்க நிலத்திலே சோலார் பலகை போடுகிறோம், குத்தகைக்குக் கொடுங்க" என்று கேட்டால், அவரிடம் என்ன கேட்க வேண்டும் என்பது நமக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?

நீண்டு ஒடுங்கிய நாடு

முதலில் அந்த நாட்டின் அமைப்பைச் சொல்லிவிடுகிறேன். வியட்நாம் வடக்கு தெற்காக நீண்ட நாடு. நீளம் சுமார் 1,650 கிலோமீட்டர். நடுவிலே ஓரிடத்தில் அகலம் 50 கிலோமீட்டர்தான். வடகோடிப் பக்கம் தலைநகர் ஹனோய். தென்பக்கம் ஹோ சி மின் நகரம். சைகோன் என்று முன்னாளில் சொன்னார்களே, அதுதான். அதற்கும் தெற்கே மீகாங் நதியின் கழிமுகம். நம்ம காவிரி டெல்டா மாதிரி அதுதான் அவர்களுடைய நெற்களஞ்சியம். ஜனத்தொகை பத்துக் கோடி.

1975-ல் போர் முடிந்தபோது அங்கே நூறு வீட்டில் இரண்டு மூன்று வீட்டுக்குத்தான் மின்சாரம் இருந்தது. 2009-க்குள் நூற்றுக்குத் தொண்ணூற்றாறு வீட்டுக்கு விளக்கு எரிந்தது. ஏழை நாடு ஒன்று முப்பத்துநாலு வருஷத்தில் இதைச் செய்தது பெரிய காரியம்.

அந்த மின்சாரம் எங்கேயிருந்து வந்தது? வடக்கே மலைகளும் ஆறுகளும் உண்டு. டா ஆற்றின் குறுக்கே ஹோவா பின் என்ற இடத்திலே சோவியத் நாட்டு உதவியோடு பெரிய அணை கட்டினார்கள். 1979-ல் தொடங்கி 1994-ல் முடிந்தபோது அந்த நிலையத்தின் திறன் 1,920 மெகாவாட். வடக்கே கரண்டு மிஞ்சியது, தெற்கே பற்றாக்குறை. ஆகவே 1994-ல் வடக்கேயிருந்து தெற்கு வரை ஏறத்தாழ 1,500 கிலோமீட்டருக்கு 500 கிலோவோல்ட் உயர் அழுத்த மின்பாதை போட்டார்கள். ஆற்றுத் தண்ணீரைக் கடைமடைக்குக் கொண்டுபோகிற பெரிய வாய்க்கால் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். இந்த வாய்க்காலை மறந்துவிடாதீங்க. பின்னால் திரும்பவும் வரும்.

மெகாவாட் என்றேனே, அது எவ்வளவு? ஒரு மெகாவாட் என்பது ஆயிரம் கிலோவாட். 5 குதிரைத் திறன் மோட்டார் ஒன்றுக்கு ஏறத்தாழ 3.7 கிலோவாட் வேண்டும். ஆக, ஒரு மெகாவாட் கரண்டிலே சுமார் 270 மோட்டார்கள் ஒரே நேரத்தில் ஓடும்.

பூமியிலேயே விளைந்த எரிவாயு

வியட்நாம் விவசாயிக்குப் புதுப்பிக்கிற எரிசக்தி முதலில் வந்தது சோலார் பலகையாக அல்ல; கோபர் காஸாக. அங்கே பன்றி வளர்ப்பு அதிகம். 2003-ம் ஆண்டு அந்நாட்டு வேளாண்மை அமைச்சகமும் நெதர்லாந்து நாட்டு உதவி நிறுவனம் ஒன்றும் சேர்ந்து, வீட்டுக்கு வீடு சாண எரிவாயுக் கலன் கட்டும் திட்டத்தைத் தொடங்கின. செங்கல், சிமெண்ட் வைத்துத் தரைக்கடியில் குவிமாடம் மாதிரிக் கட்டுகிற கலன் அது. அப்படி ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கலன்கள் கட்டப்பட்டன. உள்ளூர்க் கொத்தனார்களுக்கே பயிற்சி கொடுத்து, அவர்களைக் கொண்டே கட்டினார்கள். பழுது பார்க்கவும் ஊரிலேயே ஆள் இருந்தது.

இதிலே ஒரு வசதி பார்த்தீங்களா? சாணம் விழுகிற இடமும், வாயு உண்டாகிற இடமும், அடுப்பு எரிகிற இடமும் ஒரே வீடு. அதைக் கொண்டுபோக வாய்க்கால் வேண்டாம். வாங்குகிறவனைத் தேட வேண்டாம். கழிவும் வயலுக்கு எருவாகிறது. சின்னக் காரியந்தான், ஆனால் நின்று நிலைத்த காரியம்.

வெயிலுக்கு விலை வைத்தார்கள்

அடுத்துப் பெரிய காரியத்துக்கு வருவோம். தெற்கே கடலோரத்தில் நின் துவான் என்று ஒரு மாகாணம் இருந்தது. 2025 ஜூலையில் அதைப் பக்கத்து மாகாணமான கான் ஹோவாவோடு சேர்த்துவிட்டார்கள். வியட்நாமிலேயே மழை குறைந்த பூமி அது. செம்மறியாடு, வெள்ளாடு, உப்பளம், கொஞ்சம் திராட்சைத் தோட்டம், இதுதான் அங்கே பிழைப்பு. நம்ம ராமநாதபுரம், தூத்துக்குடிச் சீமையைக் கண்ணுக்கு முன்னால் நிறுத்திக்கொள்ளுங்கள். முன்னாளில் சாம்பா அரசர்கள் ஆண்ட பூமி. பான் ராங் ஊருக்குப் பக்கத்துக் குன்றின்மேல் சிவலிங்கம் வைத்த செங்கல் கோயில் இன்றைக்கும் இருக்கிறது. மழை பெய்யாத அந்தப் பூமியில் வெயிலுக்கு மட்டும் பஞ்சமில்லை.

2017 ஏப்ரலில் அரசாங்கம் ஓர் உத்தரவு போட்டது. சூரிய மின்சாரம் ஒரு யூனிட்டுக்கு 9.35 அமெரிக்க சென்ட் விலை. அன்றைய கணக்கில் நம்ம பணம் சுமார் 6 ரூபாய். அதையும் 20 வருஷத்துக்கு அரசு மின்வாரியமே வாங்கிக்கொள்ளும். நிபந்தனை ஒன்றுதான்: 2019 ஜூன் 30-க்குள் கரண்டு வந்துவிட வேண்டும்.

நெல்லுக்கு நல்ல விலை முன்கூட்டியே சொல்லி, கொள்முதலும் உறுதி என்றால் நாம் சும்மா இருப்போமா? அங்கேயும் அதுதான் நடந்தது. 2018 முடிவில் நாடு முழுக்க இருந்த சூரிய மின்சாரம் சுமார் 100 மெகாவாட்தான். 2019 ஜூன் முடிவில் அது 4,400 மெகாவாட்டைத் தாண்டிவிட்டது. எண்பதுக்கு மேற்பட்ட நிலையங்கள். பெரும்பாலானவை கடைசி மூன்று மாதத்தில் வேலை முடித்து இணைந்தவை.

பிறகு 2020 ஏப்ரலில் விலையைக் குறைத்து இரண்டாவது உத்தரவு வந்தது. தரையில் போட்டால் 7.09 சென்ட், நீர்நிலையில் மிதக்கவிட்டால் 7.69 சென்ட், கூரைமேல் போட்டால் 8.38 சென்ட். கெடு 2020 டிசம்பர் 31. கூரைக்கு விலை அதிகம் என்றதும் ஜனங்கள் கூரைக்கு ஓடினார்கள். அந்த வருஷ முடிவில் ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட கூரைகளில் பலகை இருந்தது. நாட்டின் மொத்த சூரிய மின்சாரத் திறன் 16,500 மெகாவாட். இதிலே பாதிக்குக் கிட்டத்தட்ட கூரைகளிலிருந்து வந்தது.

2016-ல் அரசாங்கம் போட்ட திட்டத்திலே 2020-க்கு வைத்த இலக்கு என்ன தெரியுமா? 850 மெகாவாட்! இலக்கைப்போலப் பத்தொன்பது மடங்கு விளைந்துவிட்டது. தென்கிழக்கு ஆசியாவில் வேறெந்த நாடும் இந்த வேகத்தில் போகவில்லை.

காற்றாலையிலும் அப்படித்தான். மீகாங் கழிமுகத்தில் பாக் லியூ என்ற இடத்திலே, கடலோரச் சேற்றுப் பரப்பில் 62 காற்றாலைகளை நட்டு 2016-ல் முடித்தார்கள். மொத்தம் 99 மெகாவாட். முப்பந்தல் பக்கம் நாம் பார்க்கிற மாதிரிதான். அங்கே காலடியில் அலை அடிக்கும். 2021 அக்டோபர் 31 கெடுவுக்குள் நாடு முழுக்க 4,000 மெகாவாட் அளவுக்குக் காற்றாலைகள் இணைந்துவிட்டன.

வாய்க்கால் நிரம்பி வழிந்தது

இனிமேல்தான் கவனமாய்க் கேட்க வேண்டிய பகுதி.

ஒரு சூரிய மின்நிலையத்தை ஆறு மாதம், ஒரு வருஷத்தில் கட்டிவிடலாம். உயர் அழுத்த மின்பாதை போடுவதற்கு நிலம் எடுக்கணும், கோபுரம் நடணும், துணைமின் நிலையம் கட்டணும். மூன்று வருஷம், ஐந்து வருஷம் ஆகும். நின் துவானிலும் அதற்கடுத்த பின் துவானிலும் ஒரே சமயத்தில் நிலையங்கள் முளைத்ததும், அங்கிருந்த கம்பிகள் அத்தனை கரண்டையும் தாங்கவில்லை. மடையின் அளவுக்குமேல் தண்ணீர் வந்தால் கரை உடையும். கம்பியும் அப்படியே. ஆகவே 2019-லேயே நிலையங்களுக்கு உத்தரவு வந்தது: "உற்பத்தியைக் குறை." பளீரென்று வெயில் அடிக்கிறது, பலகை சும்மா கிடக்கிறது. விற்காத கரண்டுக்குக் காசு கிடையாது. பாங்கிக் கடனுக்கு வட்டி மட்டும் தவறாமல் ஓடுகிறது.

இன்னொரு சங்கடமும் உண்டு. கரண்டு நெல் அல்ல, குதிரில் கொட்டி வைப்பதற்கு. உண்டாகிற கணத்திலேயே யாராவது செலவு செய்தாக வேண்டும். பாட்டரியில் சேமிக்கலாம், ஆனால் இத்தனை பெரிய அளவுக்கு அப்போது அங்கே பாட்டரி கிடையாது. சூரிய மின்சாரம் உச்சிப்பொழுதில் உச்சத்துக்கு வரும். ஊருக்குக் கரண்டு அதிகம் தேவைப்படுவதோ சாயங்காலம் விளக்கு வைத்த பிறகு.

பின் துவான் விவசாயியையே எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே டிராகன் பழம் பெரிய பயிர். பருவமில்லாத காலத்தில் பூக்க வைப்பதற்காக ராத்திரி முழுக்கத் தோட்டத்தில் வரிசை வரிசையாய் மின்விளக்கு எரிப்பார்கள். பகல் நீண்டுவிட்டது என்று செடி ஏமாந்து பூக்கும். அதே ஊரிலே பகலெல்லாம் சூரிய மின்சாரம் எடுக்க ஆளில்லை; ராத்திரியிலோ விளக்குக்குக் கரண்டு வேண்டும், சூரியன் இல்லை! விளைச்சலும் தேவையும் பக்கத்துப் பக்கத்து வயலில் இருந்தும் நேரம் ஒத்துவரவில்லை.

தெற்கே வெயில், வடக்கே இருட்டு

2023 மே, ஜூன் மாதங்களில் வடக்கு வியட்நாமில் கடும் வெப்பம். மழை இல்லை. ஹோவா பின், சோன் லா போன்ற பெரிய அணைகளில் நீர்மட்டம் மளமளவென்று இறங்கியது. கரண்டு எடுக்க முடியாத அடிமட்டத்தைப் பல நீர்த்தேக்கங்கள் தொட்டுவிட்டன. ஹனோயிலும் சுற்று வட்டாரத்திலும் மின்வெட்டு. தொழிற்சாலைகள் முறைவைத்து நின்றன. அந்த இரண்டு மாத மின்வெட்டால் நாட்டுக்கு 140 கோடி டாலர் நட்டம் என்று உலக வங்கி கணக்கிட்டது.

தெற்கே வெயில் மின்சாரம் இருந்ததே, அதை வடக்கே அனுப்பினால் என்ன என்று கேட்பீர்கள். சரியான கேள்விங்க! பதிலும் உங்களுக்கே தெரியும்: வாய்க்கால் போதவில்லை. 1994-ல் அந்தப் பெரிய பாதையை வடக்கேயிருந்து தெற்கே கரண்டு கொண்டுபோகத்தான் போட்டார்கள். முப்பது வருஷத்தில் நிலைமை தலைகீழாய் மாறிவிட்டது. வாய்க்கால் அதற்கேற்ப அகலப்படவில்லை.

அடிபட்ட பிறகு வேகமாய் எழுந்தார்கள். வடக்கு நோக்கி 519 கிலோமீட்டர் நீளத்துக்குப் புதிய 500 கிலோவோல்ட் பாதையை ஒரு வருஷத்துக்குள் முடித்து, 2024 ஆகஸ்டில் திறந்தார்கள். பாராட்ட வேண்டிய வேகந்தான். ஆனால் பயிர் முற்றுவதற்கு முன்னால் வாய்க்கால் வெட்டியிருந்தால் விளைச்சல் வீணாகியிருக்காதே!

இத்தனைக்குப் பிறகும் கணக்கைச் சரியாகச் சொல்ல வேண்டும். 2024-ல் வியட்நாமில் உற்பத்தியான மின்சாரத்தில் சுமார் பாதி கரியிலிருந்துதான் வந்தது. வெயிலும் காற்றும் சேர்ந்து ஏறத்தாழ எட்டில் ஒரு பங்கு. ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒன்றுமே இல்லாத இடத்தில் எட்டில் ஒரு பங்கு என்பது சாதாரணமல்ல. 2050-க்குள் கரிப்புகைக் கணக்கைச் சரிக்கட்டிவிடுவோம் என்று 2021 நவம்பரில் அந்நாட்டுப் பிரதமர் உலக மாநாட்டில் வாக்குக் கொடுத்தார். இனிப் போக வேண்டிய தூரம் அதிகம்.

காளான் இல்லாத காளான் கொட்டகை

விவசாயிகளாகிய நாம் தனியாகக் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. கூரைக்கு விலை அதிகம் என்றேன் அல்லவா? அதிலே சிலர் ஒரு தந்திரம் செய்தார்கள். விவசாய நிலத்தில் கொட்டகை போடுவது. காளான் வளர்க்கிறோம், மாடு வளர்க்கிறோம் என்று எழுதிக்கொடுப்பது. கொட்டகைமேல் பலகை போட்டுக் கூரை விலை வாங்குவது. மேலே பலகை உண்டு. கீழே காளானும் இல்லை, மாடும் இல்லை! இப்படிப் பண்ணை என்ற பேரில் விளைநிலத்தில் பல நிலையங்கள் வந்ததை 2023 டிசம்பரில் அரசாங்க ஆய்வுத் துறை அறிக்கையிலேயே எடுத்துக்காட்டியது.

காகிதம் சரியில்லாமல் மாட்டிக்கொண்டவர்களும் உண்டு. நின் துவானில் ஒரு தனியார் கம்பெனி 450 மெகாவாட் நிலையம் கட்டி, தன் சொந்தச் செலவிலேயே 500 கிலோவோல்ட் பாதையும் போட்டு 2020-ல் இணைத்தது. வாய்க்காலையும் தானே வெட்டிக்கொண்டது. ஆனாலும் அந்த மாகாணத்துக்கு உயர்ந்த விலை 2,000 மெகாவாட் வரைதான் என்று உத்தரவில் வரம்பு இருந்தது. வரம்புக்கு மேற்பட்ட பகுதிக்கு விலையே முடிவாகவில்லை. 2022 செப்டம்பரில் அந்தப் பகுதிக் கரண்டை மின்வாரியம் வாங்குவதை நிறுத்திவிட்டது. கொரோனாக் காலத்தில் வேலை தடைப்பட்டுக் கெடுவைத் தவறவிட்ட காற்றாலைக்காரர்கள் பலர், விலை என்ன என்று தெரியாமலேயே ஒரு வருஷத்துக்குமேல் காத்துக் கிடந்தார்கள்.

நாம் கேட்க வேண்டிய கேள்விகள்

சரி, இந்தக் கதையிலிருந்து நமக்கென்ன? யாராவது சோலார் பேச்சை எடுத்தால் இந்த நான்கு கேள்விகளைக் கேளுங்கள்.

ஒன்று: இந்தக் கரண்டு எந்த வழியாய்ப் போகும்? பக்கத்துத் துணைமின் நிலையத்தில் இடம் இருக்கிறதா? "பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்பது பதில் ஆகாது. இடம் உண்டு என்று மின்வாரியம் எழுத்தில் கொடுத்திருக்க வேண்டும்.

இரண்டு: எந்த நேரத்துக் கரண்டு, எந்த நேரத்துத் தேவை? இதிலே விவசாயிக்கு ஒரு கொடுப்பினை உண்டு. தண்ணீர் இறைப்பது பகல் வேலை. வெயில் மின்சாரமும் பகல் சரக்கு. உச்சி வெயிலில் மோட்டார் ஓட்டித் தொட்டியையோ பண்ணைக் குட்டையையோ நிரப்பி வைத்தால், சாயங்காலமும் விடியற்காலையும் பாய்ச்சிக்கொள்ளலாம். தண்ணீர்த் தொட்டிதான் நமக்குப் பாட்டரி! பாட்டரிக்கு ஆகிற செலவு இதிலே மிச்சம்.

மூன்று: விலை எத்தனை வருஷத்துக்கு? எந்தத் தேதிக்குள் முடித்தால் அந்த விலை? கரண்டு எடுக்காமல் நிறுத்தச் சொல்கிற நாளுக்குக் காசு உண்டா, கிடையாதா? குத்தகைக்கு நிலம் கொடுப்பவரும் இதைக் கேட்க வேண்டும். கம்பெனிக்கு வருமானம் நின்றால் குத்தகைப் பணமும் நிற்கும் அல்லவா?

நான்கு: நிலம் என்ன ஆகும்? பலகைக்குக் கீழே புல்லோ கீரையோ வளர்க்க, ஆடு மேய்க்க உயரம் விட்டிருக்கிறார்களா? இருபது இருபத்தைந்து வருஷம் கழித்துப் பழைய பலகையையும் கான்கிரீட்டையும் பெயர்த்து எடுக்க வேண்டியது யார் பொறுப்பு? இதுவும் பத்திரத்தில் இருக்க வேண்டும்.

வியட்நாமே இப்போது எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது பாருங்கள். 2024 அக்டோபரில் புது விதி கொண்டுவந்தார்கள். கூரைமேல் பலகை போடுகிறவர் முதலில் தன் வீட்டுக்கும் தன் தொழிலுக்கும் பயன்படுத்த வேண்டும். மிச்சத்தில் ஓர் அளவுக்குத்தான் விற்கலாம். அந்த அளவை நூற்றுக்கு இருபது என்று வைத்தார்கள். கோபர் காஸ் சொல்லிக்கொடுத்த அதே பாடந்தான்: விளைகிற இடத்திலேயே செலவாகிற சக்திக்கு நட்டம் குறைவு.

காற்றுள்ளபோதே தூற்றிக்கொள் என்பது பழமொழி. தூற்றுகிறவன் களத்தைப் பெருக்கிச் சாணி மெழுகி, சாக்கும் வண்டியும் தயாராய் வைத்துக்கொண்டுதான் முறத்தைக் கையில் எடுப்பான். வெயிலை அறுவடை செய்யப் புறப்படுகிறவர்களுக்கும் அந்த முன்னேற்பாடு வேண்டும். வெயில் இலவசம், அதைக் கொண்டுபோகிற வழி இலவசம் இல்லை. வழியைப் பார்த்துவிட்டுப் பலகையைப் போடுங்கள்.